இல்லையா, கேட்கலையா?

அத்தியாயம் 14

நூற்று முப்பத்தேழு சிவப்புக்கோடுகளைக் கொழுந்தன் தலையில் கட்டிவிட்டு அனுசியா போய்ப் படுத்தாள் அல்லவா? அதற்குப் பிறகு நான்கு நாள் ஓடிவிட்டது. அவள் அசதி மட்டும் இன்னும் தீரவில்லை.

இன்று வியாழக்கிழமை. விருத்தாசலம் ஜங்ஷன் ரோட்டு வீட்டின் மாடியறையில் உட்கார்ந்துகொண்டுதான் அவள் ஒரு சென்னைக் கம்பெனிக்கு ஜாவாவில் நிரல் எழுதிக்கொடுக்கிறாள். கிளினிக்குகளில் நோயாளி விவரத்தைப் பதிந்து மருந்துச் சீட்டு அச்சடிக்கிற மென்பொருள். பதினோரு வருட அனுபவத்தில் அவள் சேர்த்துவைத்தது முதுகுவலியும், ‘அனுசியா பாத்துக்குவாங்க’ என்ற நல்ல பெயரும்தான்.

சாயங்காலம் ஆறு மணிக்குப் புதிய பதிப்பு எல்லாக் கிளினிக்குகளுக்கும் போகவேண்டும். அனுசியா பார்த்துச் சரி என்று சொன்னால்தான் போகும். அவள் சிபாரிசில் அதே கம்பெனியில் சேர்ந்த கொழுந்தன் திலீபனுக்கு ஆறு மாதத் தற்காலிகக் கெடு இன்றோடு முடிகிறது. அவனை நிரந்தரமாக்கலாமா என்பதற்கும் அவள் வாயைத்தான் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்.

போதாததற்கு நாலு மணிக்குத் திட்டக்குடியிலிருந்து பெண் வீட்டார் வருகிறார்கள். வேலை நிரந்தரம் என்றால் இன்றே தட்டு மாற்றிக்கொள்ளலாம், இல்லையென்றால் காபி குடித்துவிட்டுக் கிளம்புகிறோம் என்று பெண்ணின் தாய்மாமா போனிலேயே சொல்லிவிட்டார். ஒளிவு மறைவு இல்லாத மனுஷர் என்று மாமியார் செல்வநாயகிக்கு அவர்மேல் ஒரே மரியாதை.

“அனுசியா! பஜ்ஜிக்கு வாழக்கா சீவணும், கீழ வரியா?”

“பத்து நிமிஷத்துல வரேங்க அத்தை.”

“உன் பத்து நிமிஷம் எனக்குத் தெரியாதா?”

தெரியும்தான். இந்த வீட்டில் அவளுக்குக் கீழே ஒரு வேலை, மேலே ஒரு வேலை. இரண்டுக்கும் நடுவில் பதினேழு படி.

ஒன்பது மணிக்கு அந்தப் படிகளை இரண்டிரண்டாகத் தாண்டிக்கொண்டு திலீபன் வந்தான்.

“அண்ணி, பாருங்க. ஒரு செவப்பு கூட இல்ல. நூத்தி முப்பத்தேழும் காலி!”

லேப்டாப்பைத் திருப்பிக் காட்டினான். உண்மையிலேயே ஒரு கோடு இல்லை. நேற்று முகம் கழுவாத பிள்ளை மாதிரி இருந்த கோப்புகள் எல்லாம் பளிச்சென்று இருந்தன.

இந்தச் சிவப்புக்கோடு விவகாரத்தை இங்கேயே சொல்லிவிடுகிறேன். போன மாதம் கம்பெனி ஒரு கருவியைக் கொண்டுவந்து எல்லோர் தலையிலும் வைத்தது. டைப் செக்கர் என்று பெயர். ஜாவாவில் எழுதியதை ஓட்டிப் பார்ப்பதற்கு முன்பே, கம்ப்யூட்டர் மொழிக்கு மாறுகிற கம்பைல் கட்டத்திலேயே அது குறையைக் கண்டுபிடித்துக் கோடு போட்டுவிடும். ‘இங்கே ஒரு விவரம் வரும் என்று நம்பி எழுதியிருக்கிறாயே, ஒன்றுமே வராமல் போனால் என்ன செய்வாய்?’ ஓயாமல் அது கேட்கிற கேள்வி இதுதான். பதில் எழுதுகிறவரை கோடு போகாது. கோடு இருக்கிறவரை மேற்கொண்டு ஒன்றும் நகராது.

அனுசியாவின் கணவன் விருத்தகிரி வேலை பார்க்கும் செராமிக் எஸ்டேட்டிலும் இதே கதைதான். வேகாத சாமானைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டுத்தான் சூளைக்குள் அனுப்புவார்கள். வெந்த பிறகு விரிசலைப் பார்த்து என்ன பிரயோசனம்?

“நெஜமாவே முடிச்சிட்டியா?” என்றாள் அனுசியா. நிம்மதியில் அவளுக்குக் கண் கலங்கிவிட்டது. “போயி சட்டையத் தேச்சு வை. நான் ஒரு தடவ பாத்துட்டு ஓகே குடுத்துடறேன்.”

“அப்ப எனக்குக் கன்ஃபார்ம்தான அண்ணி?”

“போடா. மொதல்ல போயி வாழக்காயச் சீவு.”

அவன் சிரித்துக்கொண்டே இறங்கினான். பார்க்காமலே ஓகே கொடுத்திருந்தால் இந்த அத்தியாயம் கேசரியோடு முடிந்திருக்கும். ஆனால் அனுசியாவுக்குப் படிக்காமல் கையெழுத்துப் போட வராது. பால்காரனுக்குக்கூடச் சீட்டைப் பார்த்துவிட்டுத்தான் போடுவாள்.

முதல் முப்பது திருத்தம் ஒழுங்காக இருந்தது. பையன் தேறிவிட்டான் என்று நினைத்தபடியே முப்பத்தொன்றாவதைத் திறந்தாள்.

நோயாளிக்கு எந்தெந்த மருந்து அலர்ஜி என்ற பட்டியலை எடுத்துத் தருகிற இடம் அது. பட்டியல் வராமல் போனால் என்ன செய்வாய் என்று செக்கர் கேட்டிருந்தது. திலீபனின் பதில் ஒரே வரி. வராவிட்டால் காலிப் பட்டியல் ஒன்றைக் கொடுத்துவிடு.

செக்கருக்குத் திருப்தி. அது கேட்டது ஒரு பட்டியல். கிடைத்துவிட்டது. கோட்டை அழித்துக்கொண்டு போய்விட்டது. வந்தது உண்மையான பட்டியலா, ஒப்புக்கு நீட்டியதா என்று அதற்கு எப்படித் தெரியும்?

அனுசியாவுக்குத் தெரிந்தது. இதுவரை விவரம் இல்லாவிட்டால் டாக்டரின் திரையில் அந்தக் கட்டம் வெறுமையாக இருக்கும். காலிப் பட்டியல் போனால் அங்கே பச்சை எழுத்தில் ‘அலர்ஜி: இல்லை’ என்று வரும். யாருமே கேட்காத ஆளுக்கும் ‘இல்லை’ என்றுதான் வரும்.

தேடிப் பார்த்தாள். இதே வரி நாற்பத்தொரு இடத்தில் இருந்தது.

ஆனாலும் ஒரு நப்பாசை. நர்சுகள் எல்லோரும் அந்தக் கேள்வியைத் தவறாமல் கேட்டுப் பதிகிறார்கள் என்றால் இந்த வரியால் கெடுதல் ஒன்றும் இல்லை. அப்படியே இருக்கட்டும் சாமி என்று வேண்டிக்கொண்டு போனை எடுத்தாள். யாரைக் கேட்கலாம் என்று யோசிக்க வேண்டியிருக்கவில்லை. திலீபனுக்குப் பார்த்திருக்கிற பெண் தமிழினி, வேப்பூர் கிளினிக்கில் நர்ஸ். அங்கேயும் இதே மென்பொருள்தான். பெண் பார்க்கப் போன அன்று மாப்பிள்ளைக்கும் பெண்ணுக்கும் பேச்சு ஓடியதே அதைத் திட்டித்தான்.

“சொல்லுங்கக்கா! மாமாவும் அம்மாவும் மூணு மணிக்கிக் கெளம்புறாங்க” என்றாள் தமிழினி. பின்னால் டோக்கன் நம்பர் கூப்பிடும் சத்தம்.

“அதுக்குக் கூப்புடல தமிழினி. ஒண்ணு கேக்கணும். அலர்ஜி கட்டத்துல எல்லாருக்கும் கேட்டுக் கேட்டுப் போடுவீங்களா?”

“எங்கக்கா? கூட்டம் வந்துட்டா கேக்கறதுக்கு ஏது நேரம்? அப்படியே விட்டுருவோம். காலியா இருந்தா டாக்டரு பாத்துட்டு அவரே கேட்டுக்குவாரு. ஏன்க்கா, எதாச்சும் தப்பா?”

“இல்ல, சும்மாதான் கேட்டேன்.”

“என்னவோ ஏதோன்னு பயந்துட்டேன்” என்று சிரித்துவிட்டு வைத்தாள் அந்தப் பெண். தன் தட்டைத் தானே தள்ளி வைத்துவிட்டோம் என்று அவளுக்குத் தெரியாது.

அனுசியா திலீபனை மேலே கூப்பிட்டாள். கையில் கடலைமாவோடு வந்தான். அவள் அந்த வரியைக் காட்டினாள். தமிழினி சொன்னதையும் சொன்னாள். அவன் முகத்திலிருந்த சிரிப்பு கொஞ்சம் கொஞ்சமாக இறங்கியது.

“இல்லங்கறது வேற, கேக்கலங்கறது வேற தம்பி. ரெண்டையும் ஒண்ணாக்கிட்டியே.”

“நீங்கதான அண்ணி சொன்னீங்க?”

“நானா?”

“ஞாயித்துக்கெழம. ஒவ்வொண்ணையும் எப்படி எடுக்கறதுன்னு கேட்டேன். எப்படியாவது செவப்பு போனாப் போதும் தம்பி, எனக்கு முடியலன்னு சொல்லிட்டுப் படுத்துட்டீங்க.”

சொல்லியிருந்தாள். பக்கத்தில் வந்து நின்று அவன் கேட்டதும், கண்ணைத் திறக்காமலே அவள் பதில் சொன்னதும் இப்போது நினைவுக்கு வந்தது. பதினோரு வருடத்தில் முதல் தடவையாகச் சொன்ன அலட்சியமான பதில். அதைப் போய் அவன் வேதவாக்காக எடுத்துக்கொண்டு நாற்பத்தொரு இடத்தில் எழுதிவைத்திருக்கிறான். அவன்மேல் கோபம் வரும் என்று காத்திருந்தாள். வரவில்லை. வெட்கமாகத்தான் இருந்தது.

“ஆறு மணிக்குள்ள மாத்திட முடியாதா அண்ணி?”

“கேக்கலங்கறதுக்குத் தனியா ஒரு நெலம வைக்கணும். அது எந்தெந்தத் திரையில வருதுன்னு தேடிப் பாக்கணும். ரெண்டு நாளு ஆவும்.”

திலீபன் கையிலிருந்த மாவைப் பார்த்துக்கொண்டே நின்றான். பிறகு இறங்கிப் போனான்.

மூன்று மணிக்கு விருத்தகிரி அரைநாள் லீவில் வந்தான். சட்டையெல்லாம் வெள்ளை மண். விஷயத்தைக் கேட்டுவிட்டுக் கட்டிலில் உட்கார்ந்தான்.

“இன்னிக்கி ஒரு நாளு கண்ண மூடிக்கக் கூடாதா அனு? நாளைக்கி மாத்தி அனுப்பிச்சிடலாம்ல?”

“நாளைக்கி ரெடியாவாதுங்க. காலைல எட்டு மணிக்கே அத்தன கிளினிக்லயும் கூட்டம் வந்துடும்.”

“அம்மாகிட்ட யாரு சொல்றது?”

“எனக்குத் தெரியலங்க.”

“நாலு வருஷமா பொண்ணு தேடி, இப்பதான் ஒண்ணு அமைஞ்சுது.” அவன் கண்ணை மூடிக்கொண்டான். “எனக்கும் முடியல அனு. நீ சொல்றது சரிதான்னு தெரியுது. ஆனா முடியல.”

அவள் அவன் பக்கத்தில் கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தாள். இரண்டு பேரும் சேர்ந்து சும்மா உட்கார்ந்து எத்தனையோ நாளாகிவிட்டது.

நாலு மணிக்கு வெள்ளைக் கார் வந்து நின்றது. தாய்மாமா தமிழ்செல்வன் முன்னால் வர, பெண்ணின் அம்மா சுலோச்சனா தாம்பூலத் தட்டோடு பின்னால் வந்தாள். வெற்றிலை, பாக்கு, ஆப்பிள், கற்கண்டு. செல்வநாயகி பட்டுப்புடவை சரசரக்க வாசலுக்கு ஓடினாள். அனுசியா வாங்க வாங்க என்று கும்பிட்டுவிட்டு, கேசரியை எடுத்து வைத்துக்கொண்டிருக்கும்போது போன் அடித்தது. மேனேஜர் இனியவன். ஒரே ஓட்டமாக மாடிக்குப் போனாள்.

“அனுசியா, இன்னும் அப்ரூவல் வரலியே?”

அவள் சொன்னாள். நாற்பத்தொரு இடத்தையும் சொன்னாள்.

“கம்பைல் ஆயி பாஸ் ஆயிடுச்சுல்ல? செக்கர் ஒண்ணும் சொல்லலல்ல?”

“செக்கரு சொல்லாது சார். அதுக்குக் கணக்கு சரியாத்தான் இருக்குது. டாக்டருக்குத்தான் தப்பாப் போவும்.”

“யாரு எழுதுனது?”

இந்தக் கேள்விக்காகத்தான் அவள் மத்தியானத்திலிருந்து பயந்துகொண்டிருந்தாள்.

“திலீபன் எழுதுனது. அப்படி எழுதச் சொன்னது நான்.”

“நீங்களா?” என்றார் இனியவன். “சரி, ரிலீஸ நிறுத்தறேன். வேற வழி? திலீபனோட கன்ஃபர்மேஷனும் இப்போதைக்கி நிக்கட்டும். உங்களப் பத்தித் திங்கக்கிழம பேசிக்கலாம்.”

பதினேழு படியும் அவளுக்கு நூறு படியாகத் தெரிந்தது. பாதி இறங்கியதுமே கூடத்துப் பேச்சு காதில் விழுந்தது.

“அப்ப வேல நெரந்தரம் ஆயிடுச்சுங்களா?” இது தமிழ்செல்வன்.

“ஆயிடுச்சுங்க! காலைலயே ஆயிடுச்சு” என்றாள் செல்வநாயகி. “எங்க அனுசியா கையிலதான எல்லாம்.”

சுலோச்சனா முகம் மலர்ந்து தட்டில் கை வைத்தாள். விருத்தகிரி தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். தேய்த்த சட்டையில் நின்ற திலீபன் தலையை நிமிர்த்தி, படியில் நின்ற அண்ணியைப் பார்த்தான். அவள் முகத்தைப் பார்த்ததுமே அவனுக்குத் தெரிந்திருக்க வேண்டும். வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம். தட்டு மாறியிருக்கும்.

“அண்ணி,” என்றான் எல்லோருக்கும் கேட்கும்படி, “என்ன சொன்னாங்க?”

அனுசியா மீதிப் படிகளையும் இறங்கி வந்தாள்.

“நிறுத்தி வச்சிருக்காங்க தம்பி.”

தமிழ்செல்வன் சத்தம் போடவில்லை, முகம் சுளிக்கவும் இல்லை. கையிலிருந்த பஜ்ஜியை முழுக்கச் சாப்பிட்டு முடித்துவிட்டு எழுந்தார்.

“கொற ஒண்ணும் இல்லீங்க. வேல ஆவட்டும், சேதி சொல்லுங்க. போயிட்டு வரோம்.”

சுலோச்சனா தட்டை எடுத்துக்கொண்டாள். ஆப்பிளும் கற்கண்டும் வந்த வழியே காரில் ஏறிப் போயின.

செல்வநாயகி மருமகளைத் திரும்பிப் பார்த்தாள்.

“காலைல முடிஞ்சு போச்சுன்னுதான சொன்னான் அவன்? என் வூட்டுல நல்லது நடக்கக் கூடாதுன்னு உனக்கு என்ன அப்படி ஒரு இது? ஒரு பொத்தான அமுக்கறதுக்கு உனக்கு அவ்ளோ கஷ்டமா?”

அனுசியாவுக்கு வலித்தது. திருப்பிச் சொல்ல ஆயிரம் இருந்தது. மீந்த கேசரித் தட்டுகளை எடுத்து அடுக்க ஆரம்பித்தாள்.

“அம்மா, அண்ணிய ஒண்ணும் சொல்லாத” என்றான் திலீபன். “எழுதுனவன் நான். புரியலன்னா இன்னொரு தடவ கேட்டிருக்கணும். கேக்கல.”

ஐந்தரை மணிக்கு அண்ணியும் கொழுந்தனும் மாடியில் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்து, நாற்பத்தொன்றில் முதலாவதைத் திறந்திருந்தார்கள். திலீபன் எழுதிய வரியை அழித்தான். சிவப்புக்கோடு திரும்பி வந்து நின்றது. அதைப் பார்க்க அனுசியாவுக்கு ஏனோ கொஞ்சம் ஆறுதலாக இருந்தது.

அவள் போன் அடித்தது. தமிழினி.

“அக்கா, மாமா ஃபோன் பண்ணாரு.” குரல் கம்மியிருந்தது. “காலைல நீங்க கேட்டீங்களே, அது இதுக்குத்தானா?”

“ஆமா தமிழினி. எம்மேல கோவமா?”

“கோவம் இல்லக்கா. வருத்தந்தான். எனக்கு அவங்களப் புடிச்சிருக்குது.” மூக்கை உறிஞ்சினாள். “ஆனா ஒண்ணு புரியல. நிறுத்திட்டாங்கன்னு மாமா சொல்றாரு. எங்களுக்குத்தான் மத்தியானமே வந்துடுச்சே?”

“என்னது வந்துடுச்சு?”

“புதுத் திரைதான். சாப்ட்டுட்டு வந்து பாத்தா, காலியா இருந்த எடத்துல எல்லாம் பச்சையில ‘அலர்ஜி: இல்லை’ன்னு வந்துருக்குது. டாக்டரும் பாத்துட்டு, பரவால்ல, இனிமே நான் கேக்க வேணாம்னு சொன்னாரு.”

அனுசியா எழுந்துவிட்டாள். அவள் ஓகே கொடுக்கவே இல்லை. பிறகு அதை வேப்பூருக்கு அனுப்பியது யார்?

“தமிழினி, நல்லாக் கேளு. அந்தத் திரைய நம்பாதீங்க. இப்பவே டாக்டர்கிட்ட போயி சொல்லு. ஒவ்வொருத்தரையும் வாயால கேட்டுட்டு எழுதச் சொல்லு. மத்தியானத்துலேர்ந்து எத்தன பேரு பாத்துருப்பீங்க?”

“அறுவதுக்கு மேல இருக்கும்க்கா. பாதிப் பேருக்கு மேல ஊசி போட்டு அனுப்பிட்டோம்.” சொல்லி முடிப்பதற்குள் அவளுக்குப் புரிந்துவிட்டது. “ஐயோ, அக்கா!”

“அழுவாத. டோக்கன் நோட்டுல இருக்கற பேரையும் ஃபோன் நம்பரையும் ஃபோட்டோ எடுத்து எனக்கு அனுப்பு. நீங்களும் ஒருபக்கம் கூப்புட ஆரம்பிங்க. நாங்க வரோம்.”

இனியவனுக்கு அடித்தாள். எடுக்கவில்லை. இன்னொரு தடவை அடித்தாள். அப்போதும் எடுக்கவில்லை.

திலீபன் ஏற்கெனவே செருப்பை மாட்டிக்கொண்டிருந்தான். கீழே விஷயத்தைக் கேட்டதுமே விருத்தகிரி எழுந்தான். பழைய காரின் சாவியை எடுத்துக்கொண்டு வாசலுக்கு வந்தான்.

“வண்டிய நான் ஓட்டறேன். நீங்க ரெண்டு பேரும் ஃபோனப் பாருங்க.”

“இப்ப எங்கடா கெளம்பிட்டீங்க மூணு பேரும்?” என்று செல்வநாயகி உள்ளேயிருந்து கத்தினாள். “பொண்ணு வூட்டுக்காரங்க கால்ல வுழவா?”

அதற்குள் கார் தெருமுனை தாண்டிவிட்டது.

விருத்தாசலம் பாலக்கரையைத் தாண்டும்போது தமிழினி அனுப்பிய படங்கள் வந்து விழுந்தன. பின்சீட்டில் திலீபன் கடைசிப் பெயரிலிருந்து மேலே ஏறினான். அனுசியா முதல் பெயரிலிருந்து கீழே இறங்கினாள். முதல் ஆள் யாரோ ஒரு பெரியநாயகி, வயது ஐம்பத்திரண்டு, ஊர் கருவேப்பிலங்குறிச்சி. எதிரில் ‘ஊசி’ என்று எழுதியிருந்தது.

மணி அடித்துக்கொண்டே இருந்தது. யாரும் எடுக்கவில்லை.